வைகைக் கரை நாணல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஆவணி பிறந்துவிட்டால் இந்தக் கேள்விகள் வரத் தொடங்கிவிடும். மதுரையில் பஸ்ஸில் பாலத்தைக் கடப்பவர்கள், ரயில் ஜன்னலோரம் உட்கார்ந்து ஆற்றைப் பார்ப்பவர்கள், ஊர்க் கண்மாயைத் தூர்வாரப் பணம் திரட்டும் இளைஞர்கள், வரப்பில் புல் ஏறிவிட்டதே என்று கவலைப்படும் விவசாயிகள் என்று பலரும் கேட்டிருக்கிறார்கள். நான் தென்கரை என்ற ஊர்ப் பக்கத்தவன். வைகைக் கரையிலும் சுற்றுப்பட்டுக் கண்மாய்களிலும் நடப்பது சிறு வயதிலிருந்தே பழக்கம். கேட்டவர்களுக்குத் தனித்தனியாகச் சொன்னதை இங்கே ஒன்றாக எழுதிவைக்கிறேன்.

ஆற்றுக்குள் வெள்ளை வெள்ளையாக அசைகிறதே, அது என்ன செடி?

நாணல். நெல், கரும்பு, மூங்கில், அருகம்புல் எல்லாம் அடங்கிய புல் குடும்பத்தைச் சேர்ந்தது. தாவரவியலில் இதற்குச் சாக்கரம் ஸ்பான்டேனியம் என்று பெயர். முதல் சொல் கரும்பு இனத்தைக் குறிக்கிறது. இரண்டாவது சொல்லுக்குத் தானாக விளைவது என்று பொருள். யாரும் நடாமல், யாரும் நீர் பாய்ச்சாமல் வளரும் கரும்பு என்று எடுத்துக்கொள்ளலாம். ஆள் உயரத்துக்குக் குறையாமல் நிற்கும்; நல்ல ஈரமும் வண்டலும் கிடைத்தால் இரண்டு ஆள் உயரம்கூடப் போகும்.

நாம் பூ என்று சொல்வதில் இதழ் எதுவும் கிடையாது. ஒரு கதிரை ஒடித்துக் கையில் வைத்துப் பாருங்கள். முழ நீளத் தண்டிலிருந்து மெல்லிய கிளைகள் பிரியும். ஒவ்வொரு கிளையிலும் எள்ளைவிட ஒல்லியான சிறுகதிர்கள் இரண்டிரண்டாக உட்கார்ந்திருக்கும். இரண்டில் ஒன்றுக்குக் காம்பு உண்டு, மற்றது கிளையோடு ஒட்டியிருக்கும். அந்தச் சிறுகதிரின் அடியிலிருந்து பட்டுபோன்ற வெள்ளை முடிகள் கிளம்புகின்றன. முடியின் நீளம் சிறுகதிரைப்போல் இரண்டு மூன்று மடங்கு. பாலத்திலிருந்து நாம் பார்க்கும் வெண்மை முழுவதும் அந்த முடிதான். விதை முற்றியதும் அதே முடி இறக்கையாகி, காற்றில் விதையைத் தூக்கிக்கொண்டு போய்விடும்.

சம்பு, கோரை, கொறுக்கை, தர்ப்பை எல்லாவற்றையும் நாணல் என்கிறார்களே. எப்படிப் பிரித்தறிவது?

உண்மைதான். தண்ணீரோரம் நீளமாக நிற்பது எதுவானாலும் நாணல் என்று சொல்லிவிடுவது வழக்கமாகிவிட்டது. ஆனால் கையால் தொட்டுப் பார்த்தால் ஐந்து நிமிடத்தில் பிரித்துவிடலாம்.

முதலில் கோரை. தண்டை இரண்டு விரலுக்கு நடுவில் வைத்து உருட்டுங்கள். முக்கோணமாக விளிம்பு தட்டுப்பட்டால் பெரும்பாலும் கோரை. அது புல் குடும்பமே அல்ல. அதற்கென்று தனிக் குடும்பம் இருக்கிறது. புல்லின் தண்டு உருண்டையாக இருக்கும், கணு இருக்கும்.

சம்புக்குப் பூ வந்துவிட்டால் குழப்பமே இல்லை. கம்பங்கதிரைப்போலப் பழுப்பு நிறத்தில் உருளையாக ஒன்று நிமிர்ந்து நிற்கும். இலை தட்டையாக, பட்டையாக, தடவினால் வழவழவென்று இருக்கும். மதுரை நகருக்குள் சாக்கடை கலக்கும் இடங்களில் நீங்கள் பார்க்கும் பச்சைக் கூட்டம் பெரும்பாலும் சம்புதான்.

கொறுக்கை நாணலுக்கு நெருங்கிய தோற்றம் உடையது, அதுவும் புல்தான். ஆனால் அதன் இலை இரண்டு விரல் அகலம் இருக்கும். தண்டு புல்லாங்குழல்போல உள்ளே கூடாக இருக்கும். கதிர் மங்கிய பழுப்பும் ஊதாவும் கலந்த நிறம். நாணலின் வெள்ளிப் பளபளப்பு அதில் வராது.

தர்ப்பை என்ற பெயரில் நம் பக்கம் இரண்டு புற்கள் வழங்குகின்றன. அவற்றில் ஒன்றுக்கு வெள்ளைக் கதிர் உண்டு. அதைத்தான் குட்டை நாணல் என்று நினைத்துவிடுகிறார்கள். அது இடுப்பு உயரத்தைத் தாண்டுவது அரிது. கதிரும் கிளை பிரியாமல் பூனை வால்போல ஒரே திரட்சியாக இருக்கும். நாணல் கதிர் துடைப்பத்தை விரித்ததுபோல் கிளை கிளையாகப் பிரியும்.

நாணலுக்கென்று உள்ள அடையாளம் இலையில் இருக்கிறது. ஒல்லியான இலை, நடுவில் வெள்ளையாக ஒரு நரம்பு தடித்து ஓடும். நுனியிலிருந்து அடியை நோக்கி விரலை ஓட்டாதீர்கள், அறுத்துவிடும். விளிம்பு முழுவதும் கண்ணுக்குத் தெரியாத ரம்பப் பற்கள் நுனியைப் பார்த்து நிற்கின்றன. கரும்பு வெட்டப் போனவர்களுக்கு இந்த அறுப்பு நன்றாகத் தெரிந்திருக்கும்.

பேய்க்கரும்பு என்பதும் இதுதானா? ஏன் அந்தப் பெயர்?

ஆம், நாணலுக்குப் பேய்க்கரும்பு என்ற பெயரும் உண்டு. தமிழில் 'பேய்' என்ற முன்னொட்டு எப்போதும் பிசாசைக் குறிப்பதில்லை. பேய்ச்சுரை, பேய்ப்பீர்க்கு, பேயத்தி என்று சொல்லிப் பாருங்கள். வீட்டில் வளர்ப்பதற்கு ஒரு காட்டு உறவு இருந்து, அது கசந்தோ சப்பென்றோ இருந்தால் அதற்குப் 'பேய்' சேர்த்துவிடுவார்கள். அந்தக் கணக்கில் பார்த்தால் பேய்க்கரும்பு என்ற பெயரை வைத்தவர்கள் இது கரும்பின் காட்டு உறவு என்பதைத் தாவரவியல் படிக்காமலே கண்டுபிடித்திருக்கிறார்கள். எனக்கு இதில் பெரிய வியப்பு உண்டு.

பட்டினத்தார் கையில் இருப்பதும் பேய்க்கரும்புதான். அதன் நுனி எந்த ஊரில் இனிக்கிறதோ அங்கே முக்தி என்று அவருக்குச் சொல்லப்பட்டதாகவும், திருவொற்றியூரில் அது இனித்ததாகவும் கதை. நீங்கள் வைகையில் ஒடித்துக் கடித்துப் பார்த்தால் இனிப்பு என்று சொல்லும்படி ஒன்றும் இருக்காது.

உண்மையிலேயே கரும்புக்கும் நாணலுக்கும் உறவு உண்டா?

உண்டு. இந்தப் பக்கத்தில் நான் விரும்பிப் பதில் சொல்லும் கேள்வி இது. அலங்காநல்லூர் வட்டாரத்தில் ஆலைக்கரும்பு போட்ட குடும்பங்கள் ஏராளம். அந்தக் கரும்பின் உடம்பில் ஓடுவதில் ஒரு பங்கு ஆற்றங்கரை நாணலின் இரத்தம் என்பது அவர்களில் பலருக்குத் தெரியாது.

பழைய நாளில் நம் நாட்டின் தென்பகுதியில் விளைந்த தடித்த, சாறு நிறைந்த கரும்பு ஒரு தனி இனம். இனிப்பு அதிகம், ஆனால் உடம்பு மெலிவு. செவ்வழுகல் நோய் வந்தால் சாய்ந்துவிடும். வறட்சியும் தாங்காது, நீர் தேங்கினாலும் தாங்காது, வடநாட்டுக் குளிரும் ஆகாது. 1912-இல் கோயம்புத்தூரில் கரும்பு இனப்பெருக்க நிலையம் தொடங்கியபோது, அங்கே இருந்த விஞ்ஞானிகள் பார்பரும் வெங்கட்ராமனும் துணிந்து ஒன்று செய்தார்கள். 'வெள்ளை' என்ற கரும்பைத் தாயாகவும், களை என்று எல்லோரும் ஒதுக்கிய நாணலைத் தகப்பனாகவும் வைத்து மகரந்தம் சேர்த்து ஒட்டினார்கள். அந்தத் தாய்க்கரும்பின் பெயர் இன்றும் உலகத்தின் கரும்பு ஆராய்ச்சிக் கட்டுரைகளில் 'வெள்ளை' என்றே தமிழில் நிற்கிறது. அந்த ஒட்டில் பிறந்தது கோ 205 என்ற ரகம்; 1918-இல் வட இந்திய விவசாயிகளுக்குக் கொடுக்கப்பட்டது. கரும்பையும் காட்டு உறவையும் சேர்த்து வயலுக்குக் கொண்டுவந்ததில் அதுதான் முன்னோடி.

அதன் பிறகு வந்த கரும்புகள் எல்லாம் இந்த வழியில் வந்தவை. ஒட்டிய பிள்ளையை மீண்டும் மீண்டும் இனிப்புக் கரும்போடு சேர்த்து, சர்க்கரையைக் கூட்டிக்கொண்டார்கள். ஆனால் நாணல் கொடுத்த வலுவை விட்டுவிடவில்லை. ஒரு கரணையிலிருந்து பத்துத் தூர் வெடிப்பது, வெட்டிய பிறகு கட்டையிலிருந்து மறுதாம்பு தழைப்பது, நோயைத் தாங்குவது, காய்ந்தாலும் தண்ணீர் நின்றாலும் உயிரைப் பிடித்துக்கொண்டிருப்பது இவற்றில் நாணலின் பங்கு பெரியது. நம் ஊரில் பலரும் போடும் கோ 86032 ரகத்தில் உள்ள 'கோ' கோயம்புத்தூரைக் குறிக்கிறது. மறுதாம்பு விட்டு இரண்டாம் ஆண்டும் கரும்பு வெட்டுகிறவர்கள் நாணலுக்கு ஒரு கும்பிடு போடலாம்.

பரம்பரைக் குணங்களைச் சுமக்கும் குரோமோசோம்கள் இனிப்புக் கரும்பின் செல்லில் 80 இருக்கும். நாணலில் இந்த எண்ணிக்கை ஒரே மாதிரி இருப்பதில்லை. இடத்துக்கு இடம் 40 முதல் 128 வரை மாறுகிறது. ஒரே பெயரில் இத்தனை வேறுபாடு இருப்பதால்தான் இனப்பெருக்கம் செய்பவர்களுக்கு நாணல் ஒரு வங்கி. 1930-களில் தாவரவியலாளர் ஜானகி அம்மாள் கோயம்புத்தூரில் இருந்தபடி இந்தக் குரோமோசோம்களை எண்ணிப் பார்த்தார். கரும்பை மக்காச்சோளம் முதலான மற்றப் புற்களோடும் ஒட்டினார். ஓர் ஆற்றங்கரையில் உள்ள நாணல் கூட்டத்தை அடியோடு அழித்தால், எதிர்காலக் கரும்பு ஒன்றுக்குத் தேவைப்படக்கூடிய குணத்தையும் சேர்த்து அழிக்கிறோம். இது எனக்கு உண்மையிலேயே கவலை தரும் விஷயம்.

எப்போது பூக்கும்? மதுரையில் எங்கே பார்க்கலாம்?

ஆவணியில் ஆங்காங்கே தலைகாட்டி, புரட்டாசி, ஐப்பசியில் நிறைந்திருக்கும். மழையையும் ஆற்றின் ஈரத்தையும் பொறுத்து முன்பின் ஆகும். காலை எட்டு மணிக்கு முன்பு, வெயில் சாய்வாக விழும்போது சூரியனுக்கு எதிரே நின்று பாருங்கள். கதிர் ஒவ்வொன்றும் விளக்கேற்றியதுபோல் தெரியும்.

நகருக்கு மேலே மேலக்கால், திருவேடகம், சோழவந்தான், தென்கரை என்று ஆற்றை ஒட்டிப் போனால் நன்றாகக் காணலாம். கீழே விரகனூர் மதகணையைத் தாண்டிச் சிலைமான் பக்கம் போனாலும் உண்டு. நகருக்குள் ஆகாயத்தாமரைக்கும் சம்புக்கும் சீமைக் கருவேலத்துக்கும் நடுவே திட்டுத் திட்டாகத்தான் மிச்சம் இருக்கிறது. வங்காளத்தில் இதே பூ துர்க்கா பூஜையின் அடையாளம். அங்கே காஷ் என்று கொண்டாடுகிறார்கள். நமக்கு இது புட்டுத் திருவிழாவின் பூ என்று சொல்வேன். ஆவணி மூலத் திருவிழாவுக்குப் புட்டுத்தோப்புக்குக் கூட்டம் போகும்போது ஆற்றில் முதல் கதிர்கள் வெளியே வந்திருக்கும்.

பூத்து முடிந்ததும் செத்துவிடுமா?

சாகாது. பல ஆண்டு வாழும் புல் இது. மேலே உள்ள தட்டை காய்ந்து வைக்கோல் நிறமாகும். மண்ணுக்கடியில் கிழங்குபோல் ஓடும் தண்டு உயிரோடு இருக்கும். இஞ்சியைப்போல் கணுக்கணுவாகப் பக்கவாட்டில் ஓடி, கணுவுக்குக் கணு வேரும் குருத்தும் விடும். சித்திரையில் ஆறு பாலைவனமாகக் கிடக்கும்போது அந்த இடத்தைக் காலால் உதைத்தால் ஒன்றும் தெரியாது. ஓர் உழவு மழை பெய்த பத்தாம் நாள் ஊசி ஊசியாகப் பச்சை எழும்பும்.

வெள்ளத்தில் கரை உடையாமல் நாணல் காக்குமா?

பெருவெள்ளத்தை எந்தப் புல்லும் தடுத்து நிறுத்தாது. வெள்ளம் கரையைக் கரைக்கும் வேகத்தைக் குறைக்கும் வேலையைத்தான் நாணல் செய்கிறது, அதை நன்றாகவே செய்கிறது.

வெள்ளம் வரும்போது மேலே உள்ள தட்டைகள் வளைந்து, நீரோட்டத்தின் திசையில் பாய் விரித்ததுபோல் படுத்துவிடும். நீரின் வேகம் அந்தப் பாயில் தேய்ந்துபோகும்; மண்ணை நேராகத் தொடாது. கீழே ஓடும் தண்டும் சல்லிவேரும் மணலைப் பின்னிப் பிடித்துக்கொள்ளும். வேகம் குறைந்த நீர் தான் சுமந்துவரும் வண்டலை அங்கேயே இறக்கிவைக்கும். அடுத்த ஆண்டு அந்த வண்டலில் இன்னும் தடிப்பாக நாணல் எழும். இப்படித்தான் மணல்திட்டு கரையாகிறது. வளைந்து கொடுப்பதற்கு நாணலை உவமை சொல்கிறோம். வளைந்த நேரத்தில் அது செய்யும் வேலையை யாரும் சொல்வதில்லை.

மதுரைக்காரர்களுக்குக் கரை என்றால் என்னவென்று தனியாகச் சொல்ல வேண்டியதில்லை. வைகை பெருகிக் கரை உடைந்து, வீட்டுக்கு ஓர் ஆள் வந்து அடைக்க வேண்டும் என்று பாண்டியன் ஆணையிட, ஆள் இல்லாத வந்திக் கிழவிக்காகச் சொக்கநாதரே கூலியாளாக வந்து, உதிர்ந்த பிட்டைக் கூலியாகத் தின்றுவிட்டு, வேலை செய்யாமல் படுத்துக்கிடந்து பிரம்படி பட்ட கதை ஊரறிந்தது. இந்த ஊரின் தெய்வம் மண்வெட்டியும் கூடையும் எடுத்தது கரையை அடைக்கத்தான்.

எங்கள் ஊர்க் கண்மாயைத் தூர்வாரப் போகிறோம். நாணலையும் சேர்த்து எடுத்துவிடலாமா?

எடுப்பதா விடுவதா என்பது அது எங்கே நிற்கிறது என்பதைப் பொறுத்தது. இதை விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் தவறு நடப்பது இங்கேதான்.

கண்மாய்க்கு நீர் கொண்டுவரும் வரத்துக்காலின் நடுவில் நாணல் அடைத்துக்கொண்டிருந்தால் எடுத்தே ஆக வேண்டும். நீர் வந்துசேராத கண்மாய்க்குக் கரை பலமாக இருந்து என்ன பயன்? மடையின் வாயிலும், உபரி நீர் வழியும் கலுங்குக்கு முன்னும் பின்னும் அதே விதிதான். கலுங்கைப் புல் அடைத்தால் அந்த நீர் போக வழியின்றிக் கரை ஏறிவிடும்.

கண்மாய்க் கரையின் வெளிச்சரிவில், அதாவது வயலைப் பார்த்த பக்கத்தில், ஆளுயரப் புதராக நிற்க விடாதீர்கள். கரையில் எங்காவது கசிவு தொடங்கினால் கண்ணுக்குத் தெரிய வேண்டும், புதர் மறைத்துவிடும். அந்தப் பக்கத்துக்கு அருகம்புல் போதும். மரங்கள் வேரோடிச் செத்தால் வேர் இருந்த இடம் பொந்தாகி நீர் ஒழுகும் என்பதால் மண்கரையில் சீமைக் கருவேலம் போன்றவை ஆபத்து. அதை வேரோடு எடுப்பது சரி.

ஆனால் உள்வாய்ப் பக்கம், அதாவது கண்மாயின் உட்புறம், அலை வந்து மோதும் விளிம்பில் நிற்கும் நாணலைத் தொடாதீர்கள். வரத்துக்காலின் இரண்டு ஓரங்களிலும் தொடாதீர்கள். கண்மாய்க்குள் தண்ணீர் நுழையும் இடத்தில் ஒரு கூட்டம் நின்றால் அதையும் விட்டுவையுங்கள். வண்டலை அங்கேயே வடிகட்டித் தரும்.

நான் கண்ணால் பார்த்த ஒன்றைச் சொல்கிறேன். எங்கள் பக்கத்தில் ஒரு கண்மாய். ஊரே சேர்ந்து பணம் போட்டது. பொக்லைன் வந்தது. முள்ளை எடுக்கச் சொன்னார்கள். ஓட்டுநருக்கு முள்ளும் புல்லும் ஒன்றுதான். 'சுத்தமாக' வேண்டும் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள். ஒரே நாளில் உள்வாய் விளிம்பு முழுவதையும் வழித்துவிட்டார். மறுநாள் போய்ப் பார்த்தபோது கரைமேல் நாணல் கட்டிகள் குவிந்து கிடந்தன. ஒரு கட்டியைக் கையால் பிட்டேன், பிட முடியவில்லை. தலைமுடியைப்போல வேர்கள் மண்ணைப் பின்னியிருந்தன. நடுவே விரல் தடிமனில் மஞ்சள் வெள்ளைத் தண்டு. அதன் கணுக்களில் அடுத்த மழைக்காகக் காத்திருந்த கூர்மையான இளஞ்சிவப்புக் குருத்துகள். ஐப்பசியில் கண்மாய் பாதி நிறைந்ததும் அலை அடித்து வெறும் மண் சரியத் தொடங்கியது. மணல் மூட்டை அடுக்கிக் காப்பாற்றினோம். அந்த மூட்டைகளுக்குச் செலவான பணத்தை நினைத்தால் எனக்கு இன்றும் ஆற்றாமையாக இருக்கிறது.

அதனால் வேலை தொடங்கும் முன்பு, ஊர்ப் பெரியவர் ஒருவரையும் நீர்பாய்ச்சுகிறவரையும் கூட்டிக்கொண்டு கரையைச் சுற்றி நடந்து, விட வேண்டிய இடங்களில் குச்சி ஊன்றித் துணி கட்டிவிடுங்கள். இயந்திரம் ஓட்டுபவரிடம் நேரில் காட்டுங்கள். பாசனப் பரப்பு 40 ஹெக்டேருக்கு மேல் உள்ள கண்மாய் நீர்வளத் துறையின் பொறுப்பு. அதற்குக் குறைந்தது ஊராட்சி ஒன்றியத்தின் பொறுப்பு. உரிய அனுமதி இல்லாமல் மண்ணில் கை வைக்காதீர்கள்.

சீமைக் கருவேலமும் ஆகாயத்தாமரையும்போல் இதுவும் வெளியிலிருந்து வந்ததா?

இல்லை. அவை இரண்டும் அமெரிக்கக் கண்டத்திலிருந்து வந்தவை. நாணல் இந்த மண்ணின் புல். சொந்த இடத்தில் ஒழுங்காக இருக்கும் செடி வெளியே போனால் எப்படி ஆகும் என்பதற்கும் இது ஓர் எடுத்துக்காட்டு: பனாமா நாட்டுக்குப் போன நாணல், வெட்டப்பட்ட காடுகள் மீண்டும் தழைக்க விடாமல் அங்கே பெருந்தொல்லையாகிவிட்டது. அமெரிக்காவில் தடைசெய்யப்பட்ட களைகளின் பட்டியலில் இருக்கிறது. இங்கே அதற்கு எருமை உண்டு, ஆடு உண்டு, வெள்ளம் உண்டு, அரிவாளும் உண்டு.

வயலுக்குள் ஏறிவிட்டது. எப்படி ஒழிப்பது?

தீ வைக்காதீர்கள். மேலே உள்ளது எரியும். அடியில் உள்ள தண்டுக்கு ஒன்றும் ஆகாது. எரிந்த சாம்பலில் இன்னும் செழிப்பாக வரும். கோடை உழவை ஆழமாகப் போட்டுத் தண்டுகளைப் புரட்டி வெயிலில் காயவிடுங்கள். முடிந்தவரை பொறுக்கி வெளியே எறியுங்கள். துண்டாகி ஈரமண்ணில் கிடந்தால் ஒவ்வொரு துண்டும் ஒரு செடியாகும். எனவே ஈரத்தில் உழுது பரப்பிவிடாமல் மண் காய்ந்திருக்கும்போது உழ வேண்டும். வரப்பில் நிற்பதைப் பூக்கும் முன்பே அடியோடு அறுத்துக்கொண்டே இருந்தால் இரண்டு மூன்று ஆண்டுகளில் களைத்துவிடும். நிழலும் அதற்கு ஆகாது.

வரப்பையும் வாய்க்கால் ஓரத்தையும் பிடித்துநிற்க ஒரு புல் வேண்டும், ஆனால் வயலுக்குள் ஓடக் கூடாது என்றால் வெட்டிவேர் வையுங்கள். அது வேரைக் கீழே இறக்குமே தவிரப் பக்கவாட்டில் படராது.

மாடு தின்னுமா?

இளங்குருத்தை எருமையும் மாடும் ஆடும் தின்னும். முற்றியபின் நாக்கை அறுக்கும், சத்தும் குறைவு. அப்போது கூரை வேயவும் தட்டி கட்டவும்தான் ஆகும். நாணல் வேய்ந்த கூரை என் சிறு வயதில் கொட்டில்களில் இருந்தது. இப்போது தகரம் வந்துவிட்டது.

நாணலில் என்ன பறவைகள் இருக்கின்றன?

தூக்கணாங்குருவிக்காகவே கரைக்குப் போகலாம். ஆண்குருவி இலையின் ஓரத்தில் அலகால் ஒரு வெட்டு வெட்டும். பிறகு அந்த நுனியைக் கவ்விக்கொண்டு பறக்கும். பறக்கிற வேகத்தில் இலையின் ஓரம் நூல்போல் கிழிந்து, சாண் நீளத்துக்கும் மேலாக அதன் அலகில் தொங்கிக்கொண்டு வரும். இலையில் ரம்பப் பல் இருப்பதாகச் சொன்னேன் அல்லவா, அந்தச் சொரசொரப்பான நார் ஒன்றோடொன்று பற்றிக்கொள்ளும். நாணல் மட்டுமின்றி நெல், கரும்பு, தென்னை ஓலை எல்லாவற்றிலும் கிழிக்கும். ஒரு கூட்டை முடிக்க 500 முறைவரை போய்வர வேண்டியிருக்கும். கூடு கட்டுவது கரையோரப் பனையிலும் கருவேலத்திலும். நார் எடுப்பது கீழே உள்ள புல்லில். புல் போனால் குருவி தொலைவுக்கு அலைய வேண்டும்.

சில்லைகள் விதை தின்ன வரும். கதிர்க்குருவி தட்டைகளுக்கு நடுவே கூடு வைக்கும். கானாங்கோழி அடியில் ஓடி ஒளியும். அதன் குரல் கேட்கும், ஆள் அகப்படாது.

பாம்பு அடையும் என்று பயமாக இருக்கிறதே?

தண்ணீர்ப் பாம்பும் சாரையும் இருக்கும். எலி உள்ள இடத்தில் நல்ல பாம்பும் வரலாம். அதற்காக ஆற்றங்கரையை மொட்டையடிக்க வேண்டாம். வீட்டையும் நடைபாதையையும் ஒட்டிப் பத்தடி அகலத்துக்கு அறுத்து வைத்துக்கொண்டால் போதும். புல்லுக்குள் இறங்கும்போது செருப்புப் போதாது, ஷூ போட்டுக்கொள்ளுங்கள். கையில் குச்சி வைத்துத் தட்டிக்கொண்டே போங்கள்.

சங்க இலக்கியத்தில் நாணல் உண்டா?

வேழம் என்ற பெயரில் உண்டு. வேழம் என்பதற்கு நாணல் என்றும் கொறுக்கச்சி என்றும் பொருள் சொல்வார்கள். ஐங்குறுநூற்றின் மருதப் பகுதியில் ஓரம்போகியார் பாடிய வேழப்பத்து என்று பத்துப் பாட்டுகள் இதற்கென்றே இருக்கின்றன. ஒரு பாட்டில் அதன் வெண்பூ குதிரையின் பொங்கும் பிடரிமயிர்போல் இருக்கிறது. இன்னொன்றில் புதர்மேல் அசையும் பூ வானத்தில் பறக்கும் குருகைப்போல் தோன்றுகிறது. புரட்டாசிக் காலையில் தென்கரையில் நின்று பார்த்தால் இரண்டாவது உவமை அப்படியே கண்முன் நடக்கும். நாணல் கூட்டத்திலிருந்து கொக்கு ஒன்று எழும்போது எது பூ, எது பறவை என்று ஒரு நொடி குழம்பிப் போகும்.

மருந்தாகப் பயன்படுமா?

ஆயுர்வேதத்தில் ஐந்து புல்வேர்களைச் சேர்த்துச் சொல்லும் மருந்தில் இதுவும் ஒன்று. சிறுநீர்க் கோளாறுகளுக்குக் கொடுப்பார்கள். மருத்துவர் கொடுத்தால் சாப்பிடுங்கள். சாக்கடை கலந்த வைகையில் நீங்களாகப் பிடுங்கிக் கஷாயம் போடாதீர்கள்.

நாணல் வளர்த்தால் வைகைத் தண்ணீர் சுத்தமாகிவிடுமா?

நீரோடு வரும் வண்டலையும் உரச்சத்தையும் ஓரளவு பிடித்துக்கொள்ளும். ஆனால் நகரத்துச் சாக்கடையை அப்படியே ஆற்றில் விட்டுவிட்டு, புல் பார்த்துக்கொள்ளும் என்று உட்கார்ந்திருக்க முடியாது. கழிவுநீர் கலக்கும் வாயை முதலில் அடைக்க வேண்டும். சத்து மிகுந்து தேங்கிய நீரில் நாணலைவிட ஆகாயத்தாமரையும் சம்புமே செழிக்கும் என்பதை மதுரை யானைக்கல் பக்கம் நின்று எட்டிப் பார்த்தாலே தெரிந்துகொள்ளலாம்.

அரித்துப்போன கரையில் நட வேண்டும். எப்படி நடுவது?

விதையை நம்ப வேண்டாம். லேசான விதை, பறந்துவிடும், முளைப்புத்திறனும் வெகுநாள் நிற்காது. அதே கண்மாயில் அல்லது அதே ஆற்றில் நிற்கும் கூட்டத்திலிருந்து அடித்தண்டை வெட்டியெடுங்கள். வரத்துக்காலிலிருந்து எடுக்க வேண்டிய நாணல் இருந்தால் இன்னும் நல்லது. எடுத்ததை எறியாமல் இங்கே கொண்டுவந்து வையுங்கள். துண்டுக்கு இரண்டு மூன்று கணு இருக்கட்டும். முழத்துக்கு ஒன்றாக, நீர்மட்டம் தொடும் விளிம்புக்குச் சற்று மேலே, நான்கு விரல் ஆழத்தில் படுக்கவைத்து மண் அணையுங்கள். வடகிழக்குப் பருவமழையின் முதல் மழை விழுந்த மறுநாள் நல்ல நாள். முதல் தை வரை ஆடு மேயாமல் முள் போட்டுக் காத்துக்கொடுங்கள். அதற்குப் பிறகு ஆட்டையும் அதுவே சமாளித்துக்கொள்ளும்.